டிராவலிங் வில்பரிஸ் தொகுதி 1

‘டிராவலிங் வில்பரிஸ் தொகுதி 1’ 1988 அக்டோபரில் வெளியான ராக் இசை ஆல்பம். ஜார்ஜ் ஹாரிசன், பாப் டிலன், ராய் ஆர்பிசன், டாம் பெட்டி, ஜெஃப் லின் ஆகிய ஐவரும் தங்கள் சொந்தப் பெயர்களை உறையில் போடாமல், வில்பரி என்ற கற்பனைக் குடும்பத்தின் சகோதரர்களாகத் தோன்றிப் பாடிய முதல் தொகுப்பு இது. பத்துப் பாடல்கள், முப்பத்தாறு நிமிடங்கள். ஏற்கெனவே தனித்தனியாகப் புகழ்பெற்றவர்கள் சேர்ந்து அமைக்கும் குழுவை ராக் உலகில் ‘சூப்பர் குரூப்’ என்பார்கள். அந்த வகையில் வெளிவந்த முதல் ஆல்பங்களில் பெயர்களின் சுமையால் நசுங்காமல் நின்ற சிலவற்றுள் இது ஒன்று.

பின்னணி

சூப்பர் குரூப் என்ற ஏற்பாட்டின் வரலாறு பெரும்பாலும் ஏமாற்றத்தின் வரலாறு. 1969இல் எரிக் கிளாப்டன், ஸ்டீவ் வின்வுட், ஜிஞ்சர் பேக்கர், ரிக் கிரெக் ஆகியோர் சேர்ந்த ‘பிளைண்ட் ஃபெய்த்’ குழுவை இதற்கு எடுத்துக்காட்டாகச் சொல்வதுண்டு. ஆல்பம் வெளிவரும் முன்பே லண்டன் ஹைட் பூங்காவில் சுமார் ஒரு லட்சம் பேர் முன்னிலையில் அவர்கள் வாசித்தார்கள். ஆல்பம் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் முதலிடம் பிடித்தது. சில மாதங்களில் குழு கலைந்துவிட்டது. அந்த ஆல்பத்தில் நல்ல பாடல்கள் உண்டு. ஆனால் ஒரு பாட்டை எழுதி முடிப்பதற்கு முன்பே அதைக் கேட்க ஒரு லட்சம் பேர் காத்திருந்தார்கள் என்பதே அந்தக் குழுவுக்குப் பெரிய இடைஞ்சலாக இருந்தது.

வில்பரிகளின் நிலைமை இதற்கு நேர்மாறானது. 1988இன் தொடக்கத்தில் இந்த ஐவரில் மூவர் ஏறக்குறைய நினைவுச்சின்னங்களாகியிருந்தார்கள். ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேம் என்னும் கௌரவப் பட்டியலில் 1987இல் ஆர்பிசன் சேர்க்கப்பட்டார். 1988 ஜனவரியில் ஒரே இரவில் பீட்டில்ஸும் டிலனும் சேர்க்கப்பட்டார்கள். ஆர்பிசனையும் டிலனையும் மேடையில் அறிமுகப்படுத்தியவர் அடுத்த தலைமுறையின் புரூஸ் ஸ்பிரிங்ஸ்டீன். ஒரு கலைஞருக்கு இத்தகைய மரியாதை கிடைக்கும்போது, அவருடைய வேலை முடிந்துவிட்டது என்ற தொனியும் அதில் சேர்ந்தே ஒலிக்கிறது.

டிலனுக்கு அந்தத் தொனி பொருத்தமாகவே இருந்தது. 1988 மே மாதம் வந்த அவருடைய ‘டவுன் இன் தி குரூவ்’ அமெரிக்கப் பட்டியலில் 61ஆம் இடத்தைத் தாண்டவில்லை. விமர்சகர்களும் அதைக் கைவிட்டார்கள். ஆர்பிசன் 1960களின் பெரும் குரல். பிறகு நீண்ட காலம் மறக்கப்பட்டு, டேவிட் லிஞ்ச்சின் ‘புளூ வெல்வெட்’ திரைப்படம் அவருடைய பழைய பாட்டொன்றைப் பயன்படுத்திய பின்னர் மெல்ல நினைவுகூரப்பட்டு வந்தார். டாம் பெட்டியின் வீடு 1987இல் தீக்கு இரையாகியிருந்தது. ஜெஃப் லின்னின் எலெக்ட்ரிக் லைட் ஆர்கெஸ்ட்ரா அதற்கு முந்தைய ஆண்டு ஓய்ந்திருந்தது. ஹாரிசன் மட்டும் ஏறுமுகத்தில் இருந்தார். ஐந்து ஆண்டு இடைவெளிக்குப் பிறகு லின்னுடன் சேர்ந்து தயாரித்த ‘கிளவுட் நைன்’ வெற்றி பெற்றிருந்தது. அந்த வெற்றியிலிருந்து வந்த ஒரு சிறிய அலுவல்தான் இந்த ஆல்பத்தின் விதை.

உருவாக்கம்

‘கிளவுட் நைன்’ ஆல்பத்திலிருந்து ‘திஸ் இஸ் லவ்’ என்ற பாட்டைத் தனி இசைத்தட்டாக ஐரோப்பாவில் வெளியிட வேண்டியிருந்தது. தட்டின் மறுபக்கத்தில் போட ஒரு பாட்டு தேவை. மறுபக்கப் பாடல் என்பது அக்கால இசைத்தட்டு வணிகத்தில் ஒப்புக்குச் சேர்க்கப்படும் சரக்கு. யாரும் அதற்காகத் தூக்கம் கெடுவதில்லை. 1988 ஏப்ரலில் லாஸ் ஏஞ்சல்ஸில் இருந்த ஹாரிசன், லின்னுடனும் ஆர்பிசனுடனும் உணவருந்தியபோது இதைச் சொன்னார். லின் அப்போது ஆர்பிசனின் புதிய ஆல்பத்தில் வேலை செய்துகொண்டிருந்தார். உடனடியாகக் கிடைக்கும் ஒலிப்பதிவுக்கூடம் என்று தேடியபோது, மாலிபுவில் டிலன் வீட்டுக் கார் கொட்டகையில் ஒன்று இருப்பது நினைவுக்கு வந்தது. ஹாரிசனின் கித்தார் ஒன்று பெட்டியின் வீட்டில் இருந்தது. அதை எடுக்கப் போனவர் பெட்டியையும் கூட்டிக்கொண்டு வந்தார். வரலாற்றில் மிகப்பெரிய சூப்பர் குரூப்களில் ஒன்று சேர்ந்த விதம் இவ்வளவுதான்.

பாட்டுக்கு வரிகள் வேண்டியிருந்தன. கொட்டகையில் கிடந்த ஓர் அட்டைப்பெட்டியின் மேல் ‘கவனமாகக் கையாளவும்’ என்ற பொருளில் அச்சிட்டிருந்த வாசகத்தைப் பார்த்து ஹாரிசன் அதையே தலைப்பாக்கினார். ‘ஹேண்டில் வித் கேர்’ பிறந்தது. வார்னர் நிறுவனத்தின் மோ ஆஸ்டினும் லென்னி வாரன்கரும் அதைக் கேட்டுவிட்டு, மறுபக்கத்தில் வீணாக்க முடியாத பாட்டு என்றார்கள். ஒரு பாட்டை மட்டும் வைத்துக்கொண்டு என்ன செய்வது? இன்னும் ஒன்பது பாட்டு செய்து ஆல்பமாக்கிவிடலாம் என்று ஹாரிசன் முடிவு செய்தார். ஹாரிசன், லின், பெட்டி மூவரும் ஆர்பிசன் பாடவிருந்த அனஹைம் அரங்குக்கே காரில் சென்று, குழுவில் சேரும்படி அவரைக் கேட்டார்கள். அவர் சம்மதித்தார்.

பெயருக்கும் ஒரு கதை உண்டு. ‘கிளவுட் நைன்’ பதிவின்போது கருவிகளால் நேரும் சிறு பிழைகளை, ஒலிக்கலவையில் புதைத்துவிடலாம் என்ற பொருள்பட ஹாரிசனும் லின்னும் விளையாட்டாக ‘வில்பரி’ என்று அழைத்துவந்தார்கள். ‘புதைத்துவிடுவோம்’ என்ற ஆங்கிலத் தொடரை வேகமாகச் சொன்னால் அந்த ஒலி வரும். முதலில் ‘நடுங்கும் வில்பரிகள்’ என்று யோசித்து, பிறகு ‘பயணிக்கும் வில்பரிகள்’ ஆக்கினார்கள். பிழைக்கு வைத்த செல்லப்பெயரைத் தங்கள் குலப்பெயராகச் சூடிக்கொண்டார்கள் என்பது, அவர்கள் எந்த மனநிலையில் இந்த வேலைக்கு வந்தார்கள் என்பதைக் காட்டுகிறது.

பதிவு மே மாதம் லாஸ் ஏஞ்சல்ஸில், யூரித்மிக்ஸ் குழுவின் டேவ் ஸ்டூவர்ட் வீட்டில் நடந்தது. ஜூன் தொடக்கத்தில் டிலனின் இசைப்பயணம் தொடங்க இருந்ததால் பத்து நாள்தான் அவகாசம். பிற்காலத்தில் ‘முடிவற்ற பயணம்’ என்று பெயர்பெற்றது அந்தப் பயணம்தான். சமையலறையில் வட்டமாக நாற்காலி போட்டு, நடுவில் ஒலிவாங்கிகளை நட்டு, ஐவரும் அக்கூஸ்டிக் கித்தார்களை ஒன்றாக வாசித்தார்கள். ஒரு நாளைக்கு ஏறத்தாழ ஒரு பாட்டு. சில பாடல்களுக்கு ஒவ்வொருவராகப் பாடிப்பார்த்து, யார் குரல் பொருந்துகிறதோ அவருக்கே அது தரப்பட்டது. டிலனையும் ஆர்பிசனையும் ‘பாடிக்காட்டுங்கள், பார்க்கலாம்’ என்று சொல்லும் நிலையில் அந்நாளில் உலகில் வேறு யாரும் இருந்திருக்க முடியாது. டிரம்மர் ஜிம் கெல்ட்னர் ‘ராட்டில்டு’ பாட்டுக்காகக் குளிர்சாதனப் பெட்டியின் உட்கம்பித் தட்டுகளைக் குச்சியால் தட்டினார். அந்த ஓசை தட்டில் அப்படியே இருக்கிறது.

பிறகு ஒலிநாடாக்கள் இங்கிலாந்தில் ஹென்லியிலுள்ள ஹாரிசனின் வீட்டுக் கூடத்துக்குச் சென்றன. ஹாரிசனும் லின்னும் அங்கே மின்கித்தார், சாக்சபோன், தாளக்கருவிகள் முதலியவற்றைச் சேர்த்து மெருகேற்றினார்கள். இந்த இரண்டாம் கட்டத்தை மறந்துவிட்டு, சமையலறையில் பத்து நாளில் முளைத்த ஆல்பம் என்று மட்டும் சொல்வது வழக்கமாகிவிட்டது. அது பாதி உண்மை. இயல்பாக ஒலிப்பதற்காகவும் கணிசமான உழைப்பு செலவிடப்பட்டிருக்கிறது.

பாடல்கள்

‘ஹேண்டில் வித் கேர்’ பாட்டின் அமைப்பு, குழுவின் முழுச் சட்டத்தையும் மூன்று நிமிடத்தில் சொல்லிவிடுகிறது. சரணங்களை ஹாரிசன் பாடுகிறார்: புகழாலும் வணிகத்தாலும் அடிபட்ட ஒரு மனிதனின் முறையீடு, ஆனால் புன்னகையோடு. பிறகு ஆர்பிசனின் குரல் வருகிறது. அந்தப் பகுதி அவருக்கென்றே எழுதப்பட்டது. பாட்டின் தரைமட்டத்திலிருந்து ஒரே மூச்சில் மேலெழுந்து, தனிமையைச் சொல்லி, இறங்குகிறது. அந்த உயரத்திலிருந்து நேராக டிலனும் பெட்டியும் சேர்ந்து கரகரக்கும் பகுதிக்குப் பாட்டு விழுகிறது. உலகின் மிக அழகான குரலும் மிகக் கரடான குரலும் சில நொடி இடைவெளியில் வருகின்றன. ஒன்றால் மற்றொன்று கெடவில்லை. யாரும் தன் முறைக்கு மேல் ஒரு வரிகூட எடுத்துக்கொள்ளவில்லை. சூப்பர் குரூப் பாடல்களில் இது அரிது. வழக்கமாக அங்கே தனி வாசிப்புகள் நீண்டுகொண்டே போகும்.

‘டர்ட்டி வேர்ல்டு’ வேடிக்கைப் பாட்டு. டிலன் இரட்டை அர்த்தத்தில் கொஞ்சுகிறார். வீட்டில் கிடந்த பத்திரிகைகளைப் புரட்டி, கார் விளம்பரம் போன்றவற்றிலிருந்து பொறுக்கிய சொற்களை இறுதியில் ஒவ்வொருவரும் ஒன்றாக அடுக்குகிறார்கள். நடுவயது ஆண்கள் தங்களுக்குள் சிரித்துக்கொள்ளும் நகைச்சுவை இது. எல்லாருக்கும் பிடிக்கும் என்று சொல்ல முடியாது. ஆனால் தீர்க்கதரிசியாகவே பதினைந்து இருபது ஆண்டுகள் நடத்தப்பட்ட டிலன் சிரித்துக்கொண்டே பாடுவதைக் கேட்க முடிகிறது. அவருடைய அக்காலத் தனி ஆல்பங்களில் இந்த உயிர்ப்பு இல்லை.

டிலனின் முக்கியமான பங்களிப்பு ‘ட்வீட்டர் அண்ட் தி மங்கி மேன்’. ஐந்தரை நிமிட நீளமுள்ள இது, நியூ ஜெர்சியில் நடக்கும் போதைப்பொருள் வியாபாரம், மறைந்து திரியும் காவலர், துரோகம் என்று விரியும் ஒரு குற்றக்கதை. டிலனும் பெட்டியும் பேசிப்பேசி எழுதியது. ஸ்பிரிங்ஸ்டீனின் பாடல் தலைப்புகள் கதைக்குள் ஆங்காங்கே தெரிந்தும் தெரியாமலும் செருகப்பட்டிருக்கின்றன. 1970களில் ஸ்பிரிங்ஸ்டீன் வந்தபோது ‘புதிய டிலன்’ என்று அவரை விளம்பரப்படுத்தினார்கள். அதே ஸ்பிரிங்ஸ்டீன்தான் சில மாதங்களுக்கு முன் டிலனைக் கௌரவப் பட்டியலில் சேர்த்துப் பேசியவர். அந்தப் பேச்சுக்குப் பழைய டிலன் அனுப்பிய பதில் என்று இப்பாட்டைக் கொள்ளலாம். கிண்டலா, வணக்கமா என்று இன்றும் வாதம் நடக்கிறது. இரண்டும்தான். பாட்டின் இயல்பில் கிண்டல் மேலாக இருந்தாலும், கதையை இவ்வளவு அக்கறையோடு நெய்திருப்பது வெறும் பகடியில் நடப்பதில்லை.

ஆர்பிசனுக்கு முழுதாகக் கிடைத்தது ‘நாட் அலோன் எனி மோர்’ ஒன்றே. அவருடைய 1960களின் பெரும் சோகப் பாடல்களின் அச்சில் வார்த்தது. குரல் அன்றைக்கு இருந்த அதே உயரத்தைத் தொடுகிறது. ஆனால் ஆல்பத்தின் குறை என்று சொல்லத்தக்கது வெளிப்படும் இடமும் இதுதான். லின்னின் தயாரிப்பு முறையில் டிரம் ஒலி ஒரே சீராகத் தட்டையாக இருக்கும். பின்னணிக் குரல்கள் அடுக்கடுக்காகப் பூசப்பட்டிருக்கும். பலர் மாறிமாறிப் பாடும் பாட்டுகளில் இந்தப் பூச்சு எல்லாரையும் ஒரே கூரையின் கீழ் கொண்டுவருகிறது. ஆர்பிசனைப் போன்ற தனிக்குரலைச் சுற்றி அதுவே வேலியாகிவிடுகிறது. அவருடைய பழைய பதிவுகளில் குரலைச் சுற்றி இருந்த வெற்றிடம் இங்கே இல்லை. ‘மார்கரீட்டா’ ஆல்பத்தின் மெலிந்த பகுதி. சின்தசைசர் சுழற்சியின் மேல் ஏதேதோ சேர்த்து இடத்தை நிரப்பியிருக்கிறார்கள்.

பெட்டி பாடும் ‘லாஸ்ட் நைட்’, ஹாரிசனின் ‘ஹெடிங் ஃபார் தி லைட்’, டிலன் கசப்போடு இழுத்துப் பாடும் ‘கங்கிராஜுலேஷன்ஸ்’ ஆகியவை தரமானவை. ‘லாஸ்ட் நைட்’ பாட்டின் கரீபியத் துள்ளலுக்கு நடுவே ஆர்பிசன் நுழையும் இடம் மீண்டும் கேட்கத் தூண்டுவது.

பெயர்களும் உரிமையும்

ஆல்பத்தின் உறையில் ஐவரின் படம் இருக்கிறது, பெயர்கள் இல்லை. ஹாரிசன் நெல்சன் வில்பரி, லின் ஓட்டிஸ், டிலன் லக்கி, ஆர்பிசன் லெஃப்டி, பெட்டி சார்லி டி. ஜூனியர். கெல்ட்னருக்கு பஸ்டர் சைட்பரி என்று பக்கவாட்டு உறவுப்பெயர். மான்டி பைத்தான் குழுவின் மைக்கேல் பாலின் ஒரு போலிப் பேராசிரியராக வேடம் பூண்டு வில்பரி இனத்தின் வரலாற்றை உறையில் எழுதினார்.

யார் யார் என்பது எல்லாருக்கும் தெரிந்திருக்க, இது எதற்கு என்று கேட்கலாம். உறைக்கு முன்பே, பாடும் இடத்திலேயே அதற்குப் பயன் இருந்தது. லக்கி வில்பரி பாடினால் அது டிலனின் வாழ்க்கைப் பட்டியலில் சேராது. தோற்றாலும் அவமானம் இல்லை. எல்லாப் பாடல்களும் எழுதியவர் என்ற இடத்தில் குழுவின் பெயரையே தாங்குகின்றன. ஆனால் பொடி எழுத்தில் அச்சிட்ட பதிப்புரிமை வரிகளைப் பார்த்தால் சமத்துவம் அவ்வளவு முழுமையானது இல்லை. ஒவ்வொரு பாட்டும் அதை முதன்மையாக எழுதியவரின் நிறுவனத்துக்கு உரியதாகப் பிரித்துக் குறிக்கப்பட்டிருக்கிறது. ‘ஹேண்டில் வித் கேர்’ ஹாரிசனின் கங்கா நிறுவனத்துக்கு, ‘ட்வீட்டர்’ டிலனின் ஸ்பெஷல் ரைடர் நிறுவனத்துக்கு. குடும்பம் ஒன்று, கணக்குப் புத்தகம் தனித்தனி. இதைப் போலித்தனம் என்று சொல்லத் தேவையில்லை. பணத்தை முன்கூட்டியே ஒழுங்காகப் பிரித்துவிட்டதால்தான் பாட்டில் அவர்களால் தாராளமாக இருக்க முடிந்தது. பல சூப்பர் குரூப்கள் இந்த வேலையைப் பின்னால் தள்ளிவைத்து நொந்திருக்கின்றன.

வரவேற்பு

ஆல்பம் அமெரிக்கப் பட்டியலில் 3ஆம் இடம், பிரிட்டனில் 16ஆம் இடம் வரை சென்றது. ‘ஹேண்டில் வித் கேர்’ தனித்தட்டாக அமெரிக்காவில் 45ஆம் இடத்தோடு நின்றது. வெற்றி ஆல்பத்துக்குத்தான், தனிப்பாடல்களுக்கு இல்லை. அமெரிக்காவில் மட்டும் முப்பது லட்சம் பிரதிகளுக்கான சான்று கிடைத்தது. 1990 கிராமி விழாவில் குழுவாகப் பாடிய சிறந்த ராக் நிகழ்த்துதலுக்கான விருதைப் பெற்றது. ஆண்டின் சிறந்த ஆல்பத்துக்கான போட்டியில் பெட்டியின் தனி ஆல்பமான ‘ஃபுல் மூன் ஃபீவர்’ இதன் எதிரிலேயே நின்றது. விருது இரண்டையும் தாண்டி பானி ரெய்ட்டுக்குப் போனது.

அக்கால விமர்சனங்களில் பெரும்பாலானவை மகிழ்ச்சியும் வியப்பும் கலந்தவை. எதிர்பார்ப்பே இல்லாத இடத்திலிருந்து வந்ததால் கிடைத்த சலுகையும் அந்த வியப்பில் உண்டு. இதே ஐவர் ஓராண்டு முன்னறிவிப்போடு இதே பத்துப் பாட்டுகளைத் தந்திருந்தால் ‘இவ்வளவுதானா’ என்ற குரல் எழுந்திருக்கும். மேலான பாட்டுகள் நான்கைந்துதான். மற்றவை இனிய பொழுதுபோக்கு. ஆனால் இந்தக் கணக்கு ஆல்பத்தின் இயல்புக்குப் பொருந்தாதது. மறுபக்கப் பாடல் ஒன்றின் தேவையிலிருந்து பிறந்தது, கடைசி வரை தன் அளவை மறக்கவில்லை என்பதே இதன் பலம். இதன் விளைவு ஆல்பத்துக்கு வெளியிலும் தெரிந்தது. டிலன் அடுத்த ஆண்டே ‘ஓ மெர்சி’ என்ற வலுவான ஆல்பத்தோடு திரும்பினார். பெட்டியின் ‘ஃபுல் மூன் ஃபீவர்’ அவருடைய வாழ்வின் பெரிய வெற்றிகளில் ஒன்றானது.

ஆர்பிசனின் மறைவு

1988 டிசம்பர் 6 அன்று, ஆல்பம் வெளியாகி ஏழு வாரம் முடிந்த நிலையில், ராய் ஆர்பிசன் மாரடைப்பால் டென்னசியில் காலமானார். வயது 52. லின்னும் பங்கேற்றுத் தயாரித்த அவருடைய ‘மிஸ்டரி கேர்ள்’ அவர் மறைந்த பின் வெளிவந்தது. 1989இன் தொடக்கத்தில் இரண்டு ஆல்பங்களும் ஒரே வேளையில் அமெரிக்கப் பட்டியலின் மேல்வரிசையில் இருந்தன. அதைப் பார்க்க அவர் இல்லை.

இந்த மரணம் ஆல்பத்தின் பொருளை மாற்றியது. இறுதிப் பாட்டான ‘எண்ட் ஆஃப் தி லைன்’ ரயிலின் தாள நடையில் செல்லும் ஒரு கூட்டுப்பாட்டு. வயதாவதைப் பற்றியும் பயணம் முடிவதைப் பற்றியும் கவலையின்றிப் பேசுவது. அக்டோபரில் அது விளையாட்டு. அடுத்த தனித்தட்டாக வெளியான ஜனவரியில் அதைக் கேட்டவர்களால் அப்படி எடுத்துக்கொள்ள முடியவில்லை. காணொளி ஆர்பிசன் இறந்த பிறகு எடுக்கப்பட்டது. பழைய ரயில்பெட்டி ஒன்றில் நால்வரும் அமர்ந்து பாடுகிறார்கள். ஆர்பிசனின் பகுதி வரும்போது கேமரா ஓர் ஆடுநாற்காலியைக் காட்டுகிறது. அதில் அவருடைய கித்தார் சாய்த்து வைக்கப்பட்டிருக்கிறது. பக்கத்தில் சட்டமிட்ட ஒரு படம். குரல் மட்டும் வருகிறது. நால்வர் முகத்திலும் நாடகத்தனமான சோகம் எதுவும் இல்லை, பாட்டு ஓடுகிறது. ராக் இசைக் காணொளிகளில் அஞ்சலி என்ற பெயரில் வந்த பல ஆடம்பரங்களுக்கு முன் இந்த நாற்காலி நிற்கும்.

இந்த உணர்ச்சி ஆல்பத்தின் மதிப்பீட்டை உயர்த்திவிட்டதா என்று கேட்பது நியாயமே. ஓரளவு உயர்த்தியிருக்கிறது. ஆனால் மரணத்துக்கு முன்பே ஆல்பம் விற்றுக்கொண்டிருந்தது, பாராட்டும் பெற்றிருந்தது. மேலும் ஆர்பிசனைக் காட்சிப்பொருளாக வைக்காமல், கிண்டலடித்து, வேலை கொடுத்து, சக வில்பரியாக நடத்தியதுதான் அவருடைய கடைசி மாதங்களின் பதிவாக எஞ்சியிருக்கிறது.

பின்னர்

மீதி நால்வரும் 1990இல் அடுத்த ஆல்பத்தை வெளியிட்டார்கள். இரண்டாம் தொகுதியே இல்லாமல் அதற்குத் ‘தொகுதி 3’ என்று பெயர் வைத்தார்கள். லெஃப்டிக்கு அது சமர்ப்பிக்கப்பட்டது. இம்முறை எல்லாரும் எதிர்பார்த்துக் காத்திருந்தார்கள். நகைச்சுவை திட்டமிட்டதாகத் தெரிந்தது. அமெரிக்காவில் 11ஆம் இடத்தோடு நின்றது. ஆர்பிசனின் குரல் இருந்த இடம் எல்லாப் பாட்டிலும் காலியாகக் கேட்கிறது. புதிய ஒருவரைச் சேர்க்காமல் விட்டதும் நல்லதே.

பிறகு இரண்டு ஆல்பங்களும் பல ஆண்டுகள் கடைகளில் கிடைக்காமல் போயின. ஹாரிசன் 2001இல் மறைந்தார். 2007இல் இரண்டையும் சேர்த்து மறுவெளியீடு செய்தபோது, அந்தத் தொகுப்பு பிரிட்டனில் நேராக முதலிடத்துக்குச் சென்றது. 1988இல் அங்கே 16ஆம் இடத்தைத் தாண்டாத பாட்டுகள்தான் அதில் பாதி.